தெளிக்காத அறை

1960ஆம் வருஷம் ஐப்பசி மாதம். ஒரு செவ்வாய்க்கிழமை விடியற்காலை, இன்னும் இருட்டுப் பிரியாத நேரத்தில், பாலக்கரையிலிருந்து சைக்கிளை மிதித்துக்கொண்டு காவிரிப் பாலத்தைத் தாண்டினேன். ஸ்ரீரங்கத்தைச் சுற்றிக்கொண்டு மேற்கே முக்கொம்பு போகும் வழியில், கொள்ளிடக் கரையை ஒட்டி ஒரு சின்ன ஊர். முப்பது வீடு இருக்கும். வெற்றிலைக் கொடிக்காலும் வாழையும்தான் அந்த ஊர்க்காரர்களுக்குப் பிழைப்பு. தோளில் ஒரு துணிப்பை. அதற்குள் டார்ச்சு, கண்ணாடி உறிஞ்சுகுழாய், வாயில் வலைத்துணி கட்டிய காகிதக் கிண்ணங்கள்.

என் வேலை கொசு பிடிப்பது. விடிவதற்குள் வீடுகளுக்குள் போய், சுவரில் உட்கார்ந்திருக்கும் கொசுக்களைக் குழாயால் உறிஞ்சிப் பிடித்து, உயிரோடு ஆபீசுக்குக் கொண்டுபோக வேண்டும். ஆபீஸ் தாள்களில் எனக்கு ஆங்கிலத்தில் ஒரு கௌரவமான பெயர் இருந்தது. ஊர்க்காரர்கள் "கொசு கலெக்டர் வந்துட்டாரு" என்பார்கள். என் பெயர் அற்புதசாமி.

அதற்கு முந்தின வருஷம் வரை நான் மருந்து அடிக்கிற ஆள். டி.டி.டி. தூளைத் தண்ணீரில் கரைத்து, பம்பைத் தோளில் மாட்டிக்கொண்டு, வீடு வீடாகச் சுவரெல்லாம் தெளித்தவன். சுவரில் வெள்ளையாகப் படியும் அந்த மருந்து ஆறு மாதம் நிற்கும். வந்து உட்காருகிற கொசு செத்து விழும். மலேரியா இன்னும் இரண்டு மூன்று வருஷத்தில் நாட்டை விட்டே போய்விடும் என்று எங்களுக்குச் சொல்லியிருந்தார்கள். நாங்களும் அதை முழுசாக நம்பினோம். நான் எஸ்.எஸ்.எல்.சி. பாஸ் செய்திருந்ததால் அடுத்த வருஷமே கொசு பிடிக்கிற வேலைக்கு மாற்றினார்கள்.

அன்றைக்கு என் பட்டியலில் புதிதாக ஒரு வீடு சேர்ந்திருந்தது. "ஆளில்லாத வீடு, பூட்டியது" என்று ஜெகபர் அலி எழுதியிருந்தார். பூச்சிகளை அறுத்து மைக்ராஸ்கோப்பில் பார்ப்பவர் அவர். எங்கள் ஆபீசில் எல்லோருக்கும் பாய். பூட்டிய வீட்டில் சுவரை யாரும் மெழுகியிருக்க மாட்டார்கள், போன வருஷம் அடித்த மருந்து இன்னும் வேலை செய்கிறதா என்பதற்கு அது நல்ல சோதனை என்பது அவர் கணக்கு.

சாவி பக்கத்து வீட்டு வீராயியிடம் இருந்தது. ஐம்பது வயசு இருக்கும். முகத்தில் அடித்தாற்போல் பேசுகிற பெண்பிள்ளை.

"உள்ள என்ன இருக்குன்னு வர்றீங்க? என் தம்பி மருதை வீடு. பொண்டாட்டி புள்ளைய பறிகொடுத்துட்டு அவன் டவுனுக்குப் போயி ஒரு வருஷம் ஆவப்போவுது. சும்மாதான் கெடக்கு."

"கொசு இருக்கான்னு பாத்துட்டுப் போயிடறேன்மா."

"கொசுவா?" என்றாள். கையிலிருந்த சாவியை உடனே கொடுக்கவில்லை.

பூட்டைத் திறக்கும்போது டார்ச்சு வெளிச்சம் நிலைப்படியின் மேல் விழுந்தது. மருந்து அடித்த வீட்டுக்கு அடையாளமாகக் காவியால் தேதி எழுதுவோம். எத்தனை அறை, எல்லாம் முடிந்ததா என்று எழுதி, அடித்தவன் கையெழுத்துப் போட வேண்டும்.

22-9-59. அறை 2. முடிந்தது. அ.சா.

என் கையெழுத்து.

எனக்கு அந்த வீடு ஞாபகத்துக்கு வந்துவிட்டது.

*

முன்கட்டில் ஒன்றுமில்லை. சுவரெல்லாம் பழைய மருந்தின் வெள்ளைப் பூச்சு. மண் வாசனையும் அந்த மருந்து வாசனையும் கலந்து வந்தன. ஒரு கொசு கூட இல்லை.

உள்ளறைக்கு ஒரு கதவு. குனிந்துதான் போக வேண்டும். கதவைத் தள்ளியதும் வேறு வாசனை வந்தது. புளித்த பால் வாசனை. குழந்தை கக்கிய துணியில் வருமே, அது.

சுவர்கள் பழுப்பாக, மண் நிறத்திலேயே இருந்தன. வெள்ளை ஒரு பொட்டுக்கூட இல்லை.

டார்ச்சை மேலே உயர்த்தினேன். உத்தரத்திலிருந்து தூளி கட்டின கயிறு தொங்கியது. அதைச் சுற்றிச் சுவரில், வாலைத் தூக்கிக்கொண்டு சாய்ந்து உட்கார்ந்திருந்தன. மலேரியாக் கொசு அப்படித்தான் உட்காரும். பதினான்கு எண்ணினேன்.

பதினான்கின் வயிறும் சிவப்பாக உப்பியிருந்தது. புது ரத்தம்.

ஒரு வருஷமாகப் பூட்டியிருக்கிற வீட்டில், யாரைக் குடித்தன?

*

"எலி, பக்கத்து மாடு எதையாச்சும் குடிச்சிருக்கும் அற்புதம்" என்றார் ஜெகபர் அலி. ஆனாலும் வடிதாளில் ஒவ்வொரு கொசுவின் வயிற்றையும் நசுக்கி, ரத்தப் பொட்டு வைத்து, வெளியூர் சோதனைச்சாலைக்கு அனுப்பினார். எந்தப் பிராணியின் ரத்தம் என்று அங்கே சொல்லிவிடுவார்கள்.

பதில் வர மூன்று வாரம் ஆனது. அதற்குள் நான் இன்னொரு செவ்வாய்க்கிழமை அந்த வீட்டுக்குப் போய் வந்தேன்.

அன்றைக்கு வெளியே மழை தூறிக்கொண்டிருந்தது. உள்ளறைக்குள் நின்று, டார்ச்சை அணைத்துவிட்டுக் கிண்ணத்தின் வலையைக் கட்டிக்கொண்டிருந்தேன். கை பழகின வேலை, வெளிச்சம் தேவையில்லை.

சரக்... சரக்...

ஓலை விசிறிச் சத்தம்.

மெதுவாக, ஒரே சீராக. தூக்கம் கண்ணைச் செருகுகிறவள், கை ஓயாமல் விசிறுகிற மாதிரி.

வலை கட்டுவதை நிறுத்தினேன்.

சரக்... சரக்... நடுவில் ஒரு தட்டல். உள்ளங்கை, சின்ன உடம்பின் மேல் பட்டும் படாமல். கடிக்க உட்கார்ந்த கொசுவை விரட்டுகிற தட்டல்.

டார்ச்சை அடித்தேன்.

வெறும் சுவர். மூலையில் சுருட்டி வைத்த பாய். சத்தம் நின்றுவிட்டது. என் முகத்தில் மட்டும், யாரோ விசிறிய காற்றின் கடைசி அலை வந்து பட்டது.

கிண்ணம் கைநழுவி விழுந்து, பிடித்த கொசுவெல்லாம் பறந்தது. வெளியே வந்து கதவைப் பூட்டினேன். வீராயி வாசலில் நின்று என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"கேட்டுச்சா?" என்று மட்டும் கேட்டாள்.

சாவியை அவளிடம் நீட்டினேன். வாங்கிக்கொண்டு திரும்பிப் போய்விட்டாள்.

*

சோதனைச்சாலைப் பதில் வந்தது. பதினான்கும் மனுஷ ரத்தம். அதோடு, பாய் அறுத்துப் பார்த்த கொசு ஒன்றின் எச்சில் சுரப்பியில் மலேரியாக் கிருமி இருந்தது.

"எவனோ உள்ள படுக்குறான். அவன் உடம்புல நோய் இருக்கு" என்றார் பாய். "செவ்வாக்கிழமை நீ வருவேன்னு ஊருக்கே தெரியும். வேற நாள்ல போ. சொல்லாமப் போ."

நான் தலையாட்டினேன். பாயிடம் சொல்லாத ஒன்று எனக்குள் இருந்தது. அதை இங்கே சொல்லிவிடுகிறேன்.

அந்த 22ஆம் தேதி சாயங்காலத்துக்குள் ஊர் முழுக்க முடித்தாக வேண்டும் என்பது உத்தரவு. மருதை வீட்டு முன்கட்டை அடித்து முடித்து, உள்ளறைக் கதவைத் தள்ளினேன். ஒரு பெண் தூளியைப் பிடித்தபடி கீழே உட்கார்ந்திருந்தாள். இருபது வயசுதான் இருக்கும். உதட்டில் விரலை வைத்து, "புள்ள இப்பத்தான் கண்ணசந்துச்சு. நாளைக்கு வந்து அடிங்களேன்" என்றாள்.

சரி என்று தலையசைத்தேன். நாளைக்கு வேறு ஊர் என்பது எனக்குத் தெரியும். வெளியே வந்து "அறை 2, முடிந்தது" என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன். ஒரே ஒரு அறைதானே என்று நினைத்தேன். அதற்குப் பிறகு அதை நினைக்கக்கூட இல்லை.

*

சனிக்கிழமை விடியலில் போனேன். முன்கதவில் பூட்டு வெளிப்பக்கமாகத் தொங்கியது. வீராயியை எழுப்பிச் சாவி கேட்டேன். அவள் முகம் வெளுத்துப்போனது.

"இன்னிக்கி வேணாம் தம்பி. சொன்னாக் கேளுங்க."

"உள்ள யாரும்மா?"

சாவியைக் கொடுத்துவிட்டு முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

உள்ளறையில் ஒரு ஆள் படுத்திருந்தான். சட்டையில்லை. இரண்டு கைகளையும் அகல விரித்து, உள்ளங்கை மேலே பார்க்க, மல்லாந்து கிடந்தான். டார்ச்சு வெளிச்சத்தில் அவன் கையெல்லாம், மாரெல்லாம் தடித்த புள்ளிகள். பழையதும் புதியதுமாக எண்ண முடியாத அளவுக்கு. முழங்கைக்கு உள்பக்கம் ஒரு கொசு உட்கார்ந்து குடித்துக்கொண்டிருந்தது. அவன் விழித்துத்தான் இருந்தான். அது குடித்து முடிக்கட்டும் என்று அசையாமல் பார்த்துக்கொண்டிருந்தான்.

"வெளிச்சத்தை அணைங்க சார். அதுங்க பறந்துடும்" என்று கிசுகிசுத்தான்.

அவன்தான் மருதை. காந்தி மார்க்கெட்டில் ஒரு மண்டியில் வாழைத்தார் இறக்குகிறவன். அந்தப் பக்கமே எங்கோ படுத்துக்கொள்வானாம். அக்கா வீராயிதான் அவனை உள்ளே விட்டு வெளியே பூட்டுவாள். நான் அவனருகில் உட்கார்ந்தேன்.

"என்னப்பா இது?"

"வள்ளிக்கண்ணுக்குக் காச்சல் வந்து நாலாம் நாளு பேச்சு நின்னுபோச்சு சார். புள்ளைக்கும் அதே காச்சல். ரெங்கம்மான்னு பேரு வச்சிருந்தோம். மூணு மாசம். ரெண்டு பேரும் ஒரே வெள்ளிக்கெழமை. டாக்டரு சொன்னாரு, கொசு கடிச்சுத்தான் வந்துச்சுன்னு. இந்த ரூம்புல இருந்த கொசுதான்." கையிலிருந்த கொசு பறந்து போவதைப் பார்த்தான். "அப்ப அதுங்க உடம்புலதானே சார் அவுங்க ரத்தம் இருக்கு? எரிச்சது பொதைச்சது போவ மிச்சம் அதுதானே? அதுங்க பட்டினியா செத்துட்டா எனக்கு ஒண்ணுமில்ல."

ஒரு கொசுவின் ஆயுசு சில வாரம்தான் என்று சொல்ல வாயெடுத்தேன். சொல்லவில்லை. அந்தக் கொசுக்களின் பேரன் பேத்தி இவை என்று அவனும் கணக்கு வைத்திருப்பான் போலத் தோன்றியது.

"தெனமும் வர்றியா?"

"இல்ல சார். மண்டியில விடமாட்டாங்க. வெள்ளிக்கெழமை ராத்திரி மட்டும்தான்."

"நான் செவ்வாக்கிழமை புடிச்ச கொசுவுல புது ரத்தம் இருந்துச்சு மருதை."

குடித்த ரத்தம் இரண்டு நாளில் கறுத்துச் செரித்துவிடும். வெள்ளிக்கிழமை குடித்தது செவ்வாய்க்கிழமை சிவப்பாக இருக்க முடியாது. இதை அவனுக்கு விளக்கினேன். பயப்படுவான் என்று நினைத்தேன். அவன் முகம் மலர்ந்தது. அந்த மலர்ச்சியைப் பார்க்க எனக்குத்தான் பயமாக இருந்தது.

"விசிறிச் சத்தம் கேப்பேன் சார். என் காதுக்குத்தான் கேக்குதுன்னு இருந்தேன்."

அப்போதுதான் என்னால் அதற்கு மேல் அடக்க முடியவில்லை. நிலைப்படியில் இருப்பது என் கையெழுத்து என்று சொன்னேன். தெளிக்காமல் தெளித்ததாக எழுதியதைச் சொன்னேன். அவன் எழுந்து என் கழுத்தைப் பிடித்திருந்தால் எனக்கு ஆறுதலாக இருந்திருக்கும்.

அவன் தூளிக் கயிற்றையே பார்த்தபடி பேசினான்.

"அன்னிக்கி ராத்திரியே சொன்னா சார். மூஞ்சில துண்டு கட்டிக்கிட்டு ஒரு தம்பி வந்துச்சு, நல்ல தம்பி, புள்ள தூங்குதுன்னதும் சத்தமே போடாம போயிடுச்சுன்னு."

நான் சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டேன்.

*

அந்த அறையைத் தெளித்தே ஆகவேண்டும். மருதை உடம்பில் கிருமி இருந்தது. அவன் விரல் நுனியில் குத்தி எடுத்த ரத்தத்தில் பாய் பார்த்துவிட்டார். அவனைக் கடித்த கொசு அடுத்த வீட்டுப் பிள்ளையைக் கடித்தால் இன்னொரு தூளி காலியாகும். இதை நான் ஆபீஸில் முழுவதும் சொல்லி, என் குற்றத்தையும் எழுதிக்கொடுத்தேன். ஒரு மெமோ கொடுத்தார்கள். அவ்வளவுதான். தெளிக்கிற வேலையை நானே கேட்டு வாங்கிக்கொண்டேன்.

மருதை தடுக்கவில்லை. வீராயி வீட்டு வாசலில் முழங்காலைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தான். பம்பு அடிக்கிற சத்தம் கேட்கக் கேட்கக் காதைப் பொத்திக்கொண்டான் என்று வீராயி பிறகு சொன்னாள்.

நான் மேலிருந்து கீழாக, ஒரு சாண் விடாமல் அடித்தேன். மண் சுவர் வெளுத்துக்கொண்டே வந்தது. தூளிக் கயிறு தொங்கிய இடத்துக்கு வந்தபோது,

"ஷ்ஷ்..."

பம்புக் குழாயின் சீறல்தான். நான் கைப்பிடியை நிறுத்தினேன்.

"ஷ்ஷ்... ஷ்ஷ்..."

பிள்ளையைத் தூங்கவைக்கும் சத்தம்.

கண்ணை மூடிக்கொண்டு, "அம்மா, இந்தத் தடவை விட முடியாதும்மா" என்றேன். அழுதுகொண்டே மிச்சச் சுவரையும் அடித்து முடித்தேன்.

மறுநாள் காலை தரையில் கொசுக்கள் பொடிப்பொடியாகச் செத்துக் கிடந்தன. மருதை வந்து ஒவ்வொன்றாகப் பொறுக்கி வேட்டி முனையில் முடிந்துகொண்டான். கொள்ளிடத்தில் கொண்டுபோய் விட்டானாம்.

அந்த வாரமே அவனுக்குக் குளிர் காய்ச்சல் தூக்கிப் போட்டது. வீராயி மூன்று போர்வை போர்த்தியும் கட்டில் ஆடியது. மாத்திரை கொடுத்தால் கன்னத்துக்குள் ஒதுக்கித் துப்பிவிடுகிறான் என்று தெரிந்தது. நானே மூன்று நாளும் போய், வாயைத் திறக்கச் சொல்லிப் பார்த்து, விழுங்கின பிறகுதான் வந்தேன். காய்ச்சல் விட்டது. ஒரு வாரம் கழித்து எடுத்த ரத்தத்தில் கிருமி இல்லை.

"பொழச்சிட்டே மருதை. ரத்தம் சுத்தமாயிடுச்சு" என்றேன் சந்தோஷமாக.

அவன் சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தான். முகத்தில் ஒன்றுமே இல்லை.

"அவ ஒடம்புல இருந்ததுதானே சார் எனக்கும் வந்துச்சு. அது ஒண்ணுதான் உள்ள இருந்துச்சு. அதையும் மாத்திரை குடுத்துக் கொன்னுட்டீங்க."

என் மேல் அவனுக்குக் கோபமில்லை. நடந்ததைச் சொன்னான், அவ்வளவுதான். அதற்குப் பிறகு அவன் அந்த ஊருக்கு வரவே இல்லை. கைலாசபுரத்தில் பெரிய தொழிற்சாலை கட்ட ஆரம்பித்தபோது மண் வேலைக்குப் போனான் என்றும், அங்கேயே தகரக் கொட்டகையில் இருக்கிறான் என்றும் வீராயி சொன்னாள். ஒருமுறை தேடிப் போனேன். தூரத்திலிருந்தே என்னைப் பார்த்துக் கும்பிட்டுவிட்டு, கூடையைத் தூக்கிக்கொண்டு நடந்தான்.

*

அந்த ஊரில் மலேரியா ஒழிந்தது. அடுத்தடுத்த வருஷங்களில் ஒரு கேஸ் கூட இல்லை. நான் இரண்டு வாரத்துக்கு ஒருமுறை பூட்டைத் திறந்து, உள்ளறையைப் பார்த்து, "கொசு இல்லை" என்று எழுதுவேன். சத்தமும் இல்லை. பால் வாசனையும் போய்விட்டிருந்தது. நிம்மதிதான். ஆனால் கதவை மூடிக்கொண்டு வரும்போது ஒவ்வொரு தடவையும் மனசு கனத்தது. அவளையும் சேர்த்துக் கொன்றுவிட்டேனோ என்று இருந்தது.

1962இல்தான் அதைக் கவனித்தேன். வெள்ளைப் பூச்சில் ஒரு இடம் தேய்ந்து மண் தெரிந்தது. தரையில் உட்கார்ந்து சாய்ந்தால் முதுகு படுமே, அந்த உயரம். அதற்கு மேலே, தலை சாயும் இடத்தில், வட்டமாக ஒரு எண்ணெய்க் கறை. எந்த வீட்டுச் சுவரிலும் பார்க்கலாம், ஒருத்தர் தினமும் ஒரே இடத்தில் தலை சாய்த்தால் படிகிற கறை.

"உள்ள யாரும்மா வர்றது?" என்று வீராயியிடம் கேட்டேன்.

"நான் கதவுகிட்டகூடப் போறதில்ல தம்பி."

ஆறு மாதத்துக்கு ஒருமுறை மருந்துக்காரர்கள் வந்து சுவரைத் திரும்ப வெளுப்பாக்கினார்கள். அடுத்த மாதமே அதே இடம் தேய்ந்தது. பாயை ஒருமுறை கூட்டிப்போய்க் காட்டினேன். மைக்ராஸ்கோப்பைத் தவிர எதையும் நம்பாத மனுஷர். சுவர் முன்னால் நின்று, உதட்டுக்குள் ஏதோ ஓதிவிட்டு, "வா அற்புதம், போலாம்" என்றார். பட்டியலிலிருந்து அந்த வீட்டை எடுத்துவிட்டார்.

நான் நிறுத்தவில்லை. அந்தப் பக்கம் போகும்போதெல்லாம் திறந்து பார்ப்பேன்.

1963இல் அந்தக் கறைக்குப் பக்கத்தில் இன்னொன்று வந்தது. சின்னது. தரையிலிருந்து என் முழங்கால் உயரம்கூட இல்லை. அடுத்த தடவை மருந்து அடித்துப் பூச்சு காய்ந்த பிறகு, அது கொஞ்சம் மேலே இருந்தது. அதற்கடுத்த தடவை இன்னும் கொஞ்சம் மேலே.

கடைசியாக நான் போனது 1966 தை மாதம். நன்றாக விடிந்து, கதவு வழியாக வெயில் வந்துகொண்டிருந்தது. பெரிய கறை எப்போதும் இருக்கும் இடத்தில் இருந்தது. சின்னது இப்போது அதைத் தாண்டி மேலே வந்துவிட்டிருந்தது, உட்கார்ந்திருக்கும் அம்மாவின் பக்கத்தில், சுவரில் சாய்ந்து நிற்கிற ஆறு வயசுப் பிள்ளையின் தலை உயரம்.

குனிந்து, விரலால் தொட்டேன்.

எண்ணெய் இன்னும் காயவில்லை.